காட்டை வரைந்தவர் யார்?

திரைப்படம் முடிந்து பெயர்கள் ஓடத் தொடங்கியதும் நாம் எழுந்துவிடுகிறோம். அரங்கில் விளக்கு எரிகிறது. காலால் செருப்பைத் துழாவுகிறோம். உறங்கிவிட்ட குழந்தையைத் தோளில் சாய்த்துக் கொள்கிறோம். பழைய படங்களில் பெயர்கள் தொடக்கத்திலேயே வந்தன. அப்பொழுதும் நாம் அவற்றைப் படித்தோமில்லை. இருக்கை எண்ணைத் தேடிக்கொண்டிருந்தோம். இந்தச் சிறு பழக்கத்துக்குள் ஓர் அறக் கேள்வி ஒளிந்திருக்கிறது என்பது நமக்கு நெடுங்காலம் தோன்றவில்லை. ஒருவருடைய கைத்திறனை நாம் துய்க்கிறோம். அதற்குரிய விலையையும் கொடுத்துவிட்டோம். அதன் பின்னும் அவர் பெயரை அறியும் கடன் நமக்கு உண்டா? அவரை வேலைக்கு அமர்த்தியவருக்கு அப்பெயரைச் சொல்லும் கடன் உண்டா?

இக்கேள்வியை நம்முள் எழுப்பியது ஒரு மான்குட்டியின் கதை. டிஸ்னி நிறுவனம் 1942ஆம் ஆண்டில் வெளியிட்ட ‘பாம்பி’ என்னும் சித்திரப்படத்தைப் பார்க்காத குழந்தைகள் நம் குடும்பங்களில் குறைவு. கதையை மறந்தவர்களும் அந்தக் காட்டை மறப்பதில்லை. அக்காட்டில் மரங்கள் இருக்கின்றன. ஆயினும் இலைகளை எண்ண முடியாது. மூடுபனிக்குள் அடிமரம் ஒன்று தெரியும். அதற்கப்பால் நிறம் மட்டுமே இருக்கும். அந்த மங்கலின் நடுவே மான்குட்டி நிற்கும்பொழுது நம் கண் வேறெங்கும் போவதில்லை. இந்தக் காட்டை முதலில் கண்டு வரைந்தவர் டைரஸ் வாங் என்ற சீனர். படத்தின் பெயர் வரிசையில் கலை இயக்கம் என்னும் தலைப்பின்கீழ் வேறு பலருடைய பெயர்கள் உள்ளன. வாங்கின் பெயர் பின்னணி ஓவியம் என்னும் தலைப்பின்கீழ்ப் பலருள் ஒன்றாக நிற்கிறது.

அவருடைய வாழ்க்கையைச் சற்று விரித்துச் சொல்ல வேண்டும். ஏனெனில் பெயர் என்ற ஒன்று அவரைப் படுத்தியது போல் வேறொருவரைப் படுத்தியிருக்குமோ என்பது ஐயமே.

அவர் 1910ஆம் ஆண்டு சீனத்தின் தென்கோடியில், குவாங்டங் மாகாணத்தில் பிறந்தார். பெற்றோர் இட்ட பெயர் வாங் ஜென் யோ. ஏறத்தாழப் பத்து வயதில் தாயையும் சகோதரியையும் ஊரிலேயே விட்டுவிட்டுத் தந்தையோடு அமெரிக்காவுக்குக் கப்பலேறினார். அவ்விருவரையும் அவர் பின்னர் ஒருநாளும் பார்க்கவில்லை. அக்காலத்தில் சீனத் தொழிலாளர் அமெரிக்காவுக்குள் நுழைவதை 1882ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்று தடுத்து நின்றது; வணிகர் முதலிய சில வகையினருக்கும், அமெரிக்கக் குடிமக்களின் பிள்ளைகளுக்கும் மட்டுமே வழி இருந்தது. 1906ஆம் ஆண்டு நிலநடுக்கத்திலும் தீயிலும் சான்பிரான்சிஸ்கோ நகரின் பதிவேடுகள் எரிந்து போயின. அங்கு முன்பே குடியேறியிருந்த சீனர் பலர், தாம் அந்நாட்டிலேயே பிறந்தவர் என்று சொல்லிக்கொள்ள இது வாய்ப்பாயிற்று. இல்லாத பிள்ளைகளை இருப்பதாகப் பதிந்து, அப்பெயரில் வேறு பிள்ளைகள் வந்து சேர்ந்தார்கள். அவர்களைக் ‘காகிதப் புதல்வர்’ என்று அழைப்பது வழக்கம். நம் சிறுவனும் லுக் டாய் யோ என்ற பொய்ப் பெயரோடுதான் வந்து இறங்கினான்.

சான்பிரான்சிஸ்கோ விரிகுடாவில் ஏஞ்சல் தீவு என்று ஒன்று உண்டு. வருகிறவர்களை அங்கே நிறுத்தி வினவுவார்கள். உன் ஊரில் உன் வீட்டுக்கு எத்தனை சன்னல், படிக்கட்டு எத்தனை, அடுத்த வீட்டில் யார் என்றெல்லாம் கேட்பார்கள். காகிதப் புதல்வர்கள் விடைகளைக் கப்பலிலேயே மனப்பாடம் செய்து கொள்வார்கள். தந்தை முன்பே அந்நாட்டில் இருந்தவர் ஆதலால் அவரை விட்டுவிட்டார்கள். சிறுவனை ஒரு மாத அளவுக்குத் தனியே அடைத்து வைத்தார்கள். தன்னுடையதல்லாத பெயருக்கு ‘ஆம், நான்தான்’ என்று அவன் அங்கே சொல்லித் தேறினான். பிறகு பள்ளியில் சேர்ந்தான். டாய் யோ என்பது ஆசிரியையின் நாவுக்கு எளிதாக இல்லை போலும். அவனை டைரஸ் ஆக்கிவிட்டார். பொய்ப் பெயரின் சிதைவே இவ்வாறு அவருடைய மெய்ப்பெயர் ஆயிற்று.

இதைப் படிக்கும்பொழுது நம்மில் பலர் சிரித்துக் கொள்ளக்கூடும். வடபுலத்து அலுவலகங்களின் படிவங்களில் ‘குடும்பப் பெயர்’ என்ற கட்டத்துக்கு முன்னால் திகைத்து நின்றவர்கள் அல்லமோ நாம்? தந்தையின் பெயரை முன்னெழுத்தாக வைத்துக்கொண்டு வந்தோம். அது நம் பெயருக்குப் பின்னால் போய் நின்று, நம்மையே தந்தையின் பெயரால் அழைக்கச் செய்துவிட்டது. நம் பிள்ளைகளின் வகுப்பில் பாட்டனார் பெயர் முழங்குகிறது. நமக்கு நேர்ந்தது வேடிக்கை. அச்சிறுவனுக்கு நேர்ந்தது வேடிக்கையன்று. ஆயினும் அவன் நின்ற வாசல் நமக்கு முற்றும் அந்நியமன்று.

தந்தை ஏழை. ஆனால் எழுத்தழகு தெரிந்தவர். தாளும் மையும் வாங்கப் பணமில்லாததால் தூரிகையைத் தண்ணீரில் தோய்த்துப் பழைய செய்தித்தாளின்மேல் எழுதப் பழக்கினார். எழுதியது காய்வதற்குள் கோட்டின் குறை நிறைகளைப் பார்த்துக்கொள்ள வேண்டும், காய்ந்தால் ஒன்றுமிராது. பிற்காலத்தில் குறைந்த கோடுகளால் நிறைய உணர்த்துவதில் வாங் அடைந்த தேர்ச்சிக்கு இந்தத் தண்ணீர்ப் பாடமே காரணமாயிருக்கும் என்று நாம் எண்ணுகிறோம். லாஸ் ஏஞ்சல்ஸ் நகரின் ஓட்டிஸ் கலைக்கழகத்தில் உதவித்தொகை பெற்றுப் பயின்றார். அங்கேயே துப்புரவுப் பணியும் செய்தார். பகலில் மேனாட்டு ஓவியம் கற்றார். நூலகத்தில் சுங் காலத்துச் சீன ஓவியங்களைத் தேடிப் பார்த்தார்.

1937இல் திருமணம், அடுத்து ஒரு பெண் குழந்தை. குடும்பத்துக்கு நிலையான ஊதியம் வேண்டும் என்பதற்காக 1938இல் டிஸ்னி படநிலையத்தில் இடைப்பட ஓவியராகச் சேர்ந்தார். இந்த வேலை என்ன என்பதை அறிந்தால்தான் அவர் நிலை விளங்கும். சித்திரப்படம் ஒரு நொடிக்கு 24 படச்சட்டங்களாக ஓடுகிறது. ‘பாம்பி’ 70 நிமிடப் படம். கணக்கிட்டால் ஓர் இலட்சம் சட்டங்களுக்கு மேல் வரும். ஓர் ஓவியத்தையே இரு சட்டங்களுக்குப் பயன்படுத்துவது உண்டு என்றாலும், ஒரே சட்டத்துக்குள் பல உருவங்கள் இருக்குமாதலால் வரைய வேண்டிய தாள்கள் மலைபோல் குவியும். முதன்மை ஓவியர் கை தூக்கும் நிலையை ஒன்றாகவும், கை இறங்கும் நிலையை ஒன்றாகவும் வரைந்து கொடுப்பார். இடையில் உள்ளவற்றையெல்லாம் இடைப்பட ஓவியர் நிரப்ப வேண்டும். தனக்கென்று ஒரு கோடு போட அங்கு இடமில்லை. எலியின் காது முன் தாளில் இருந்ததற்கும் பின் தாளில் இருப்பதற்கும் நட்டநடுவே இருந்தாக வேண்டும், அவ்வளவே. நாள் முழுவதும் விளக்குப் பலகையின்மேல் குனிந்திருந்து கண் எரிய வீடு திரும்புவார்.

அந்நாளில் ‘பாம்பி’ படத்துக்கு ஒரு சிக்கல் இருந்தது. காட்டை உள்ளது உள்ளபடி, இலை இலையாக வரைந்து பார்த்தார்கள். அந்த அடர்த்திக்குள் மான்கள் காணாமற் போயின. வாங்கிடம் யாரும் யோசனை கேட்கவில்லை. அவருடைய பதவிக்கு அது உரியதும் அன்று. அவராகவே கதையைப் படித்து, இரவு நேரங்களில் வீட்டில் அமர்ந்து சிறு சிறு ஓவியங்கள் தீட்டினார். சில தூரிகை வீச்சில் காடு. நடுவே வெளிச்சமான ஓரிடம். அதில் ஒரு மான். அவற்றைக் கலை இயக்குநர் டாம் காட்ரிக்கிடம் காட்டினார். அவை வால்ட் டிஸ்னியின் பார்வைக்குப் போயின. படம் முழுவதற்கும் அதுவே முறை என்று முடிவாயிற்று. பின்னணியைத் தீட்டியவர்கள் அம்முறையைப் பயின்று தீட்டினார்கள். ஒளியமைப்பும் இசையுங்கூட அந்த மங்கலுக்கு இயைய அமைந்தன என்று சொல்வார்கள்.

காட்ரிக் அந்தத் தாள்களை வாங்கிப் பார்த்தார், டிஸ்னி ஏற்றார். கடைநிலை ஊழியரின் தாளைக் கையில் வாங்கிப் பார்ப்பதே அரிது என்பதை அலுவலகம் செல்வோர் அறிவர். இதற்குரிய பாராட்டை அவர்களுக்கு மறுப்பது நேர்மையாகாது.

ஆனால் 1941ஆம் ஆண்டு மே மாதத்தில் டிஸ்னி ஓவியர்கள் வேலைநிறுத்தம் தொடங்கினார்கள். ஊதியம், சங்க உரிமை ஆகியவற்றோடு திரையில் பெயர் இடுவது பற்றிய குறையும் அவர்களுக்கு இருந்தது. வாங் வேலைநிறுத்தத்தில் சேரவில்லை. குழந்தையுள்ள குடும்பஸ்தரின் அச்சம் நமக்குப் புரியாததன்று. எனினும் நிறுத்தம் ஓய்ந்தபின் நிலவிய கசப்பில் அவருக்கும் வேலை போயிற்று. மறுஆண்டு படம் வெளிவந்தபொழுது அவர் அந்நிலையத்தில் இல்லை. பிறகு வார்னர் நிறுவனத்தில் 1968இல் ஓய்வு பெறும்வரை 26 ஆண்டுகள் பணிபுரிந்தார். நடிகர்களை வைத்து எடுக்கும் படங்களுக்கு, அரங்கு எழுப்புவதற்கு முன்பே காட்சியை வரைந்து காட்டுவது அவர் வேலை. இயக்குநரும் ஒளிப்பதிவாளரும் அதைப் பார்த்தே கருவியை எங்கே நிறுத்துவது என்று முடிவு செய்வார்கள். ‘ரிபெல் வித்அவுட் எ காஸ்’, ‘ரியோ பிராவோ’ முதலிய படங்களில் அவர் உழைப்பு உண்டு. அத்தகைய ஓவியர்களைத் திரையில் பெயர் சொல்லிக் குறிக்கும் வழக்கம் அந்நாளில் பெரும்பாலும் இல்லை.

இனிக் கேள்விக்கு வருவோம்.

‘கூலி கொடுத்தாயிற்று, வேறென்ன?’ என்பார் உளர். இவ்வாதத்தில் நாம் நெடுநேரம் நிற்க வேண்டியதில்லை. கூலி என்பது அவர் தந்த நேரத்துக்கு ஈடு. ‘இதைச் செய்தவர் இவர்’ என்பது ஓர் உண்மை. உண்மையைப் பணம் கொடுத்து வாங்கிவிடவும் முடியாது, விற்றுவிடவும் முடியாது. அன்றியும் வாங் அந்த ஓவியங்களைத் தீட்டியது கூலிக்குரிய நேரத்தில் அன்று.

‘பலர் கூடிச் செய்தது, யாரை என்று சொல்வது?’ என்ற வாதம் இதைவிட வலியது. அதே படத்துக்காக ஒருவர் மெயின் மாநிலக் காடுகளுக்குப் போய்ப் புகைப்படங்கள் எடுத்து வந்தார். உயிருள்ள மான்குட்டிகளைப் படநிலையத்துக்கே கொண்டுவந்து ஓவியர்களுக்கு விலங்கின் உடலமைப்பைக் கற்பித்தார்கள். மான்களுக்கு நடையும் கூச்சமும் கொடுத்தவர்கள் வேறு சிலர். அதற்கு முன் 1937இல் வந்த ‘ஸ்னோ ஒயிட்’ படத்தில் கண்ணாடித் தாள்களின்மேல் மையிட்டு வண்ணம் நிரப்பிய பெண்களின் பெயர்கள் திரையில் ஒன்றுகூட வரவில்லை. இவர்களையெல்லாம் விட்டுவிட்டு வாங் ஒருவரே ‘பாம்பி’யைப் படைத்தார் என்று முழங்கினால் நாமும் அதே தவற்றை வேறு திசையில் செய்தவர்கள் ஆவோம். இதை ஒப்புக்கொள்கிறோம். ஆனால் பலர் செய்தார்கள் என்பது பலரையும் சொல்வதற்குக் காரணமாகுமேயன்றி, ஒருவரையும் சொல்லாதிருப்பதற்குக் காரணமாகாது.

மூன்றாவது வாதம் நம்மவர்கள் விரும்பிச் சொல்வது. ‘நம் சிற்பிகள் பெயர் பொறித்தார்களா? தாம் மறைந்து தொழிலை நிறுத்தினார்கள்; அதுவன்றோ பெருமை!’ என்பார்கள். நாமும் மேடையில் இப்படிப் பேசியதுண்டு. பிறகு தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டுகளைப் பற்றிப் படித்தபொழுது வாய் அடைத்துப் போயிற்று. குஞ்சரமல்லன் என்னும் பெருந்தச்சன் பெயர் அங்கே கல்லில் இருக்கிறது. தளிச்சேரிப் பெண்டிர் நானூற்றுவரின் பெயர்கள், தெருவும் வீட்டு வரிசையும் உட்பட வெட்டப்பட்டிருக்கின்றன. தான் கொடுத்ததோடு தமக்கையும் தேவியரும் பிறரும் கொடுத்தவற்றையும் வெட்டுமாறு இராசராசன் ஆணையிட்டான். ஒவ்வொரு சிலையையும் செதுக்கியவர் பெயர் அங்கு இல்லை என்பதும் உண்மைதான். ஆயினும், பெயர் சொல்லாமை நம் மரபு என்று கூறித் தப்பித்துக்கொள்ள அந்தச் சுவர்கள் நமக்கு இடம் தருவதில்லை. தொழிலாளி தானாக மறைந்து நிற்பது ஒன்று. பிறர் அவரை மறைத்துவிட்டு அவருடைய அடக்கத்தைப் புகழ்வது முற்றிலும் வேறொன்று.

எழுத்தர் தொழிலில் இருப்பவர்களுக்கு இங்கே ஒரு செய்தி நினைவுக்கு வரும். நாம் எழுதும் கடிதங்கள் அதிகாரியின் கையொப்பத்தோடு வெளியே போகின்றன. இருபது ஆண்டுகளில் நம் வாக்கியங்கள் எத்தனை பெயர்களைத் தாங்கிச் சென்றன என்று எண்ணிப் பார்த்தால் சிரிப்பு வரும். ஆனால் கோப்பின் உள்ளே குறிப்புத் தாள் என்று ஒன்று உண்டு. அதில் முதலில் எழுதியவரின் சுருக்கொப்பம் இடப்புறத்தில் தேதியோடு இருக்கும். பார்த்தவர்களின் ஒப்பம் வலப்புறத்தில் இருக்கும். கோப்புகள் கணினிக்குள் போய்விட்ட பின்னும் யார் எழுதினார் என்னும் பதிவு மறையவில்லை. வெளியே யார் பெயரில் போயிற்று என்பது ஒருபுறம். உள்ளே யார் சொன்னார் என்பது மறுபுறம். இரண்டையும் அந்தத் தாள் காக்கிறது. அலுவலகத்தை ஏசுவதற்கு ஆயிரம் காரணம் இருந்தாலும் இந்த ஒரு நேர்மையை நாம் மதிக்கிறோம். தவறு நேர்ந்தால் எழுத்தரைப் பிடிப்பதற்காகவே அது ஏற்பட்டது என்று நண்பர்கள் சொல்வார்கள். அதற்காகவும் இருக்கலாம்.

பெயர் சொல்லப்படாதவராயினும் வாங் குறைந்து போய்விடவில்லை. அவர் வரைந்த கிறிஸ்துமஸ் வாழ்த்து அட்டைகள் நாடெங்கும் விற்றன. அவற்றில் அவர் பெயர் இருந்தது. ஓய்வுக்குப் பின் மூங்கிலை வளைத்துக் காற்றாடிகள் செய்தார். பூரான்போல் நூறு அடிக்கு நீண்ட காற்றாடிகள் சான்டா மோனிக்காக் கடற்கரையில் பறந்தன. டிஸ்னி நிறுவனம் அவரைத் தன் பெருமைக்குரியோர் வரிசையில் சேர்த்துக்கொண்டது 2001இல். அப்பொழுது அவருக்குத் தொண்ணூறு வயது நிறைந்திருந்தது. 2013இல் அவருடைய ஓவியங்களைக் கண்காட்சியாக வைத்தார்கள். அது நடந்தது சான்பிரான்சிஸ்கோவில், அவரைச் சிறுவனாக அடைத்து வைத்த அதே விரிகுடாவின் கரையில். 2015இல் அவரைப் பற்றி ஓர் ஆவணப்படம் வந்தது. 2016ஆம் ஆண்டு டிசம்பர் 30ஆம் நாள், 106ஆம் வயதில் காலமானார். நூறாண்டு வாழ்ந்ததால் அவருக்குப் பெயர் கிடைத்தது. எழுபதில் இறந்திருந்தால்? அவரோடு அதே வரிசையில் இருந்த மற்றவர்கள் பலர் அவ்வாறு இறந்தவர்களே.

இதுவரை பிறர் குறையைப் பேசினோம். நம் குறை ஒன்றும் உண்டு. அதைச் சொல்லாமல் இக்கட்டுரையை முடித்தால் நமக்கு உறக்கம் வாராது.

சில ஆண்டுகளுக்கு முன், நாம் அப்பொழுது பணியாற்றிய ஊரில், தமிழர்கள் கூடி ‘வள்ளி திருமணம்’ நாடகம் போட்டோம். தினைப்புனத்துக்குப் பின்னால் தொங்கவிடக் காட்டு சீன் ஒன்று தேவைப்பட்டது. வாடகைக்கு எடுக்கப் பணம் போதவில்லை. ஓர் அலுவலகத்தில் கடைநிலையில் பணிபுரிந்த தமிழ் இளைஞர் தாமே எழுதித் தருவதாகச் சொன்னார். பத்துப் பன்னிரண்டு இரவுகள் தம் குடியிருப்பின் மொட்டைமாடியில் படுதாவை விரித்து வைத்து வரைந்தார். திரை விலகியதும் அக்காட்டைப் பார்த்து அரங்கில் கைதட்டல் எழுந்தது. நடிகர்கள் மேடைக்கு வருவதற்கு முன்னரே எழுந்த கைதட்டல் அது. மலரில் நன்றி நவிலும் பட்டியலைத் தொகுத்தவர் நாமே. தலைமை தாங்கியவர், விளம்பரம் தந்தவர்கள், மாலை வாங்கித் தந்தவர், தேநீர் வழங்கியவர் வரை எழுதினோம். அவர் பெயர் விடுபட்டது. மறதிதான்; வன்மம் இல்லை. ஆனால் மாலை வாங்கித் தந்தவரை மறக்காத நினைவு இவரை மட்டும் ஏன் மறந்தது? அவர் ஒன்றும் கேட்கவில்லை. மறுஆண்டு நாடகத்துக்கு வரவில்லை. அதன்பின் மாற்றலாகிப் போய்விட்டார். அந்தப் படுதாவை மட்டும் அவ்வூர்த் தமிழர்கள் ஆண்டுதோறும் தகரப் பெட்டியிலிருந்து எடுத்துக் கட்டி வருகிறார்கள்.

வாங்கின் வரலாற்றைப் படித்தபின் அந்த நண்பரின் தொலைபேசி எண்ணைத் தேடிப் பிடித்தோம். செய்த பிழையைச் சொல்லி, இப்பொழுதேனும் அப்படுதாவின் மூலையில் அவர் பெயரை எழுதச் செய்ய இசைவு கேட்டோம். சற்று நேரம் அவர் பேசவில்லை. பிறகு, எழுதலாம் என்றார். ஆனால் அது தனித்தனி நான்கு துண்டுத் துணி என்றும், மடிப்பே தெரியாமல் அவற்றை இணைத்துத் தைத்தவர் அந்த ஊர்க் கடைவீதியில் இருந்த ஒரு முதிய தையற்காரர் என்றும், அவர் காசு வாங்கிக்கொள்ளவில்லை என்றும் சொன்னார். அவர் பெயரைத் தாம் கேட்டு வைத்துக்கொள்ளவில்லையாம். நமக்குத் தெரியுமா என்று கேட்டார்.